தக்காளி விலை ஏன் ஊசலாடுகிறது, அந்தச் சுழலில் எங்கே கை வைப்பது? பாலக்கோடு, இராயக்கோட்டை வட்டாரத்தை முன்வைத்து ஒரு விவாதம்

மாரண்டஅள்ளி வாசகர் (இழையைத் தொடங்கியவர்)

அனைவருக்கும் வணக்கம். தருமபுரி மாவட்டத்துப் பாலக்கோடு, கிருஷ்ணகிரி மாவட்டத்து இராயக்கோட்டை மண்டிகளில் தக்காளி விலை ஏறும்போது பதுக்கலைப் பற்றிப் பேசுகிறோம். இறங்கும்போது இடைத்தரகரைப் பற்றிப் பேசுகிறோம். இரண்டுக்கும் இடைப்பட்ட மாதங்களில் யாரும் எதுவும் பேசுவதில்லை. எனக்கு அந்த இடைப்பட்ட மாதங்கள்தான் முக்கியமாகத் தோன்றுகின்றன. அவற்றைப் பற்றி விவாதிக்கவே இந்த இழையைத் தொடங்குகிறேன்.

2023ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். ஜூலையில் சில்லறை விலை கிலோ நூறு ரூபாயைத் தாண்டியது. சென்னையில் நியாயவிலைக் கடைகளில் அரசு கிலோ 60 ரூபாய்க்குத் தக்காளி விற்றது. ஆகஸ்டில் நேபாளத்திலிருந்து நாட்டுக்குள் தக்காளி இறக்குமதியானது. செப்டம்பர் வந்ததும் பறிப்புக் கூலியும் வண்டி வாடகையும் கட்டாத நிலைக்கு விலை விழுந்தது. இவை இரண்டு தனித்தனிச் செய்திகளாக நாளிதழ்களில் வந்தன. ஆனால் முதல் செய்தியின் வயிற்றில்தான் இரண்டாவது செய்தி பிறந்தது. கோடையில் விலை படுத்துக்கிடந்ததால் பலர் நடவைக் குறைத்தார்கள். வெயிலும் நோயும் மழையும் எஞ்சியதைக் குறைத்தன. அதனால் விலை ஏறியது. ஏறியதைப் பார்த்தவர்கள் நாற்றுக்கு ஓடினார்கள். நட்ட இரண்டு மாதத்தில் முதல் பறிப்பு என்பதால், அவர்களுடைய காய் எல்லாம் ஏறக்குறைய ஒரே சமயத்தில் மண்டிக்கு வந்து சேர்ந்தது.

இதில் எந்த ஒருவருடைய முடிவையும் தனியாக எடுத்துப் பார்த்தால் தவறு என்று சொல்ல இடமில்லை. விலை இருக்கும்போது நடுவதும் இல்லாதபோது நிறுத்துவதும் எவரும் செய்யக்கூடியவை. ஆயிரக்கணக்கானோர் அதே அறிவோடு அதே வாரத்தில் செயல்படுவதால்தான் எல்லோருக்கும் நட்டம் வருகிறது. ஆகவே என் கேள்வி இதுதான்: தலைமை தாங்க ஒருவரும் இல்லாத, ஒவ்வொருவரும் மற்றவர்களுடைய செயலின் விளைவைப் பார்த்துத் தம் செயலை மாற்றிக்கொள்கிற இத்தகைய அமைப்பை நிர்வகிக்க முடியுமா? முடியும் என்றால் எந்த இடத்தில் கை வைக்க வேண்டும்?

ஓசூர் கட்டுப்பாட்டுப் பொறியாளர்

ஐயா, நான் தொழிற்சாலையில் தானியங்கிக் கட்டுப்பாட்டுப் பிரிவில் பணியாற்றுகிறேன். தாங்கள் விவரித்தது எங்கள் துறையின் மிகப் பழைய சிக்கல்களுள் ஒன்று.

விலை ஏறினால் நடவு கூடும், நடவு கூடினால் விலை இறங்கும். ஒரு மாற்றத்தின் விளைவே திரும்பி வந்து அந்த மாற்றத்தைக் குறைக்கும் இதைச் சமன்செய்யும் பின்னூட்டம் என்போம். பொதுவாக இவ்வகைப் பின்னூட்டம் அமைப்பை நிலைப்படுத்த வேண்டும். ஆனால் செயலுக்கும் அதன் விளைவு கண்ணுக்குத் தெரிவதற்கும் இடையே நீண்ட தாமதம் இருந்து, அந்தத் தாமதத்துக்குள் எதிர்வினை மிகக் கடுமையாகவும் இருந்தால், நிலைப்படுத்த வேண்டிய அதே சுழல் ஊசலாட்டத்தை வளர்க்கத் தொடங்கிவிடும். நீராவி எஞ்சின்களின் வேகத்தைச் சீராக வைக்கப் பொருத்தப்பட்ட கருவிகளே சில சமயம் வேகத்தை ஏற்றி இறக்கியதைக் கண்டு, ஜேம்ஸ் கிளார்க் மாக்ஸ்வெல் 1868இல் அதன் கணிதத்தை எழுதினார். தாமதம், எதிர்வினையின் கடுமை ஆகிய இரண்டில் ஏதேனும் ஒன்றைக் குறைத்தால்தான் ஊசலாட்டம் அடங்கும்.

நம் ஊர் ஏரிப் பாசனத்தில் நீர்க்கட்டி என்று ஒருவர் இருந்தார். கடைக் கழனியில் தண்ணீர் சேர்ந்த பிறகு மடையை அடைக்கலாம் என்று அவர் காத்திருக்க மாட்டார். வாய்க்காலில் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் நீர் எவ்வளவு என்பது அவருக்குத் தெரியும். அது போதும் என்று கண்டவுடன், கடைக் கழனி காய்ந்து தெரிந்தாலும், மடையை அடைத்துவிடுவார். தக்காளியில் நாம் எல்லோரும் கடைக் கழனியை மட்டுமே பார்த்துக்கொண்டு மடையைத் திறக்கிறோம்.

மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் ஜே ஃபாரெஸ்டரின் குழுவினர் உருவாக்கிய ஒரு வகுப்பறை விளையாட்டு இதற்கு நல்ல சான்று. சில்லறைக் கடை, மொத்த வணிகர், விநியோகஸ்தர், ஆலை என நால்வர் ஒரு சங்கிலியாக அமர்ந்து பீர் பெட்டிகளுக்கு ஆணை கொடுப்பார்கள். வாடிக்கையாளரின் தேவை தொடக்கத்தில் வாரம் 4 பெட்டி. ஒரே ஒரு முறை 8ஆக உயர்ந்து அங்கேயே நின்றுவிடும். அவ்வளவுதான் மாற்றம். ஆனால் ஆலைக்குப் போய்ச் சேரும் ஆணைகளோ ஒரு சமயம் பல மடங்கு பெருகும், பிறகு சுழியத்துக்கு விழும். ஜான் ஸ்டெர்மன் 1989இல் இவ்விளையாட்டின் முடிவுகளை ஆராய்ந்து, ஆடுபவர்கள் கையிருப்பைப் பார்க்கும் அளவுக்கு, தாங்கள் ஏற்கெனவே கேட்டுவிட்டு இன்னும் வந்து சேராத சரக்கைக் கணக்கில் எடுப்பதில்லை என்று காட்டினார்.

ஆகவே நான் கேட்க விரும்புவது: தக்காளியில் அந்த 'வந்து சேராத சரக்கு' எங்கே இருக்கிறது? அதை எண்ணுபவர் யாராவது உண்டா?

இராயக்கோட்டை நாற்றுப்பண்ணை

தம்பி, அது எங்கள் நிழல்வலைக் கூடாரத்துக்குள் இருக்கிறது. எண்ணுவதற்குத்தான் ஆள் இல்லை.

குழித்தட்டில் தென்னைநார்க் கழிவு நிரப்பி விதை போட்டால், ஏறக்குறைய 25 நாளில் நாற்று நடவுக்கு ஆயத்தமாகிவிடும். மண்டியில் விலை ஏறிய வாரமே எங்களுக்குத் தொலைபேசி வரத் தொடங்கிவிடும். எல்லோரும் ஒரே ரகத்தை, ஒரே தேதிக்குக் கேட்பார்கள். நாற்று கிடைக்காமல் போய்விடுமோ என்ற அச்சத்தில் ஒருவரே இரண்டு பண்ணைகளில் முன்பணம் கொடுத்து வைப்பதும் வழக்கம். எங்களுக்கு அது தெரியாது. இரண்டு பண்ணைக்காரர்களும் அதை இரண்டு உண்மையான தேவையாகக் கருதி, அதற்கு மேல் கொஞ்சம் சேர்த்தும் விதைத்துவிடுவோம்.

பிறகு விலை லேசாகத் தணிந்தால் சிலர் முன்பணத்தை விட்டுவிட்டு நாற்றை எடுக்க வரமாட்டார்கள். நாற்று வளர்ந்து தண்டு நீண்டுவிட்டால் பயனில்லை. அதனால் கிடைத்த விலைக்குத் தள்ளிவிடுவோம். இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். எடுக்காமல் விட்ட நாற்று குப்பைக்குப் போவது குறைவு. மலிவாகக் கிடைக்கிறதே என்று இன்னொருவர் வாங்கி நட்டுவிடுகிறார். ஆக, விலை இறங்கத் தொடங்கிய பிறகும் நடவு சில வாரங்கள் குறையாமல் நடந்துகொண்டே இருக்கும்.

எத்தனை தட்டு எந்தத் தேதிக்கு எந்த ஊருக்குப் போகிறது என்பது ஒவ்வொரு பண்ணையின் குறிப்பேட்டிலும் இருக்கிறது. ஆனால் ஒருவர் குறிப்பேட்டை இன்னொருவர் பார்க்க முடியாது. அது எங்கள் வாடிக்கையாளர் பட்டியல்.

அரூர் பொருளியல் ஆசிரியர்

அம்மா எழுதியது மிக மதிப்புள்ள தகவல். பொருளியல் நூல்களில் இல்லாத ஒரு நுட்பம் அதில் இருக்கிறது என்பதால் அதற்கு முதலில் நன்றி சொல்லிவிடுகிறேன்.

இந்தச் சுழலை முதலில் விரிவாக ஆராய்ந்தவர்களில் ஒருவர் ஆர்தர் ஹனாவ். ஜெர்மனியில் பன்றி விலை சீராக ஏறி இறங்குவதை 1928இல் எழுதினார். 1934இல் நிக்கோலஸ் கால்டர் அதற்குச் சிலந்திவலை என்று பெயர் வைத்தார். 1938இல் மொர்தெகாய் எசக்கியேல் அதை முழுக் கோட்பாடாக விரித்தார். அவர்களுடைய முடிவைச் சுருக்கமாகச் சொன்னால் இப்படி வரும்: விலைக்கேற்ப நுகர்வோர் தம் வாங்கலை மாற்றும் அளவைக் காட்டிலும் உழவர் தம் நடவை மாற்றும் அளவு பெரிதாக இருந்தால் ஊசலாட்டம் ஒவ்வொரு சுற்றிலும் பெருகும், சிறிதாக இருந்தால் அடங்கும். தக்காளியை ஒரு குடும்பம் விலை மலிந்தது என்பதற்காக மூன்று மடங்கு வாங்குவதில்லை, ஏறியது என்பதற்காக முற்றாக விட்டுவிடுவதுமில்லை. நடவோ எளிதில் இரண்டு மடங்காகிவிடும். கணக்கு நமக்கு எதிராகவே இருக்கிறது.

இதை மறுத்து 1961இல் ஜான் மூத் ஒரு வலுவான கேள்வியை எழுப்பினார். சுழற்சி இவ்வளவு ஒழுங்காக வருமானால் உழவர்கள் ஏன் அதைக் கற்றுக்கொண்டு எதிர்த்திசையில் நடவு செய்யக் கூடாது? அப்படிச் செய்தாலே சுழற்சி மறைந்துவிடுமே? நம் ஊரிலும் அப்படிச் செய்கிறவர்கள் உண்டு. விலை விழுந்து எல்லோரும் செடியைப் பிடுங்கும் வேளையில் அமைதியாக நாற்று வாங்குவோரை நான் அறிவேன். அவர்கள் சிலராக இருக்கும் வரை அது அவர்களுக்கும் நல்லது, சந்தைக்கும் நல்லது. அந்த வழியை எல்லோரும் பின்பற்றினால் அதுவே புதிய நெரிசலாகிவிடும். பிரையன் ஆர்தர் 1994இல் சாண்டா ஃபே நகரத்து மதுக்கூடம் ஒன்றை வைத்து இதைக் காட்டினார். நூறு பேரில் அறுபது பேருக்குக் குறைவாக வந்தால்தான் அந்த மாலை இனிதாக இருக்கும். கூட்டம் குறைவாக இருக்கும் என்று எல்லோரும் கணித்தால் எல்லோரும் வந்து கணிப்பைப் பொய்யாக்குவார்கள். அவருடைய கணினி மாதிரியில் ஒவ்வொருவரும் வெவ்வேறு விதமாகக் கணித்தபோது வருகை அறுபதைச் சுற்றியே நின்றது. கணிப்பு முறைகளின் வேறுபாடுதான் அந்த அமைப்பைக் காத்தது.

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் விதைப்புக்கு முன் விலை முன்னறிவிப்பு வெளியிடுவது நல்ல பணி. இருந்தாலும் ஒரே எண்ணைப் பல்லாயிரம் பேர் ஒரே நாளில் படித்து ஒரே முடிவுக்கு வருவதில் உள்ள இடரை மறக்கக் கூடாது. முன்னறிவிப்பைக் கேட்டு மக்கள் நடந்துகொள்வதே அந்த முன்னறிவிப்பை மாற்றிவிடும் என்பதை 1954இல் குரூன்பெர்க்கும் மோடிகிலியானியும் கணிதமாகவே ஆராய்ந்தார்கள். அந்த எதிர்வினையையும் சேர்த்துக் கணித்தால் சில நிபந்தனைகளின்கீழ்ச் சரியான முன்னறிவிப்பு இயலும் என்பது அவர்கள் முடிவு. அந்த எதிர்வினையை நம் வட்டாரத்தில் அளந்தவர் எவருமில்லை. ஆகவே வரப்போகும் விலையைச் சொல்வதைவிட, இதுவரை விதைக்கப்பட்டிருக்கும் நாற்றின் அளவைச் சொல்லிவிட்டு முடிவை அவரவரிடம் விடுவது பாதுகாப்பானது என்பது என் கருத்து.

பாப்பாரப்பட்டி விவசாயி

எல்லோரும் நன்றாக எழுதுகிறீர்கள். ஆனால் தகவல் இல்லாததால்தான் நாங்கள் நடுகிறோம் என்ற எண்ணம் இந்த இழை முழுவதும் ஓடுகிறது. அது பாதி உண்மைதான்.

விலை இறங்கப்போகிறது என்று தெரிந்தே நடும் சூழல் எனக்கு உண்டு. அதற்கான காரணங்களை வரிசையாகச் சொல்லாமல், அவை ஒன்றோடொன்று எப்படிப் பின்னிக் கிடக்கின்றன என்பதைச் சொல்கிறேன். ஹைபிரிட் தக்காளிக்குக் குச்சி, கம்பி, சணல், நிலப்போர்வைத் தாள், சொட்டுநீர்க் குழாய் என்று நட்டவுடனேயே பெரும் பணம் இறங்கிவிடுகிறது. அதற்கு மண்டியில் முன்பணம் வாங்குகிறோம். முன்பணம் வாங்கியவன் அந்த மண்டிக்கே காயை ஏற்ற வேண்டும். கணக்கு முடியும் வரை வேறு மண்டி பார்க்க இயலாது. விலை விழுந்த பருவத்தில் கடன் தீராமல் நின்றுவிட்டால், அதைத் தீர்க்க ஒரே வழி அடுத்த பருவமும் தக்காளியே நடுவதுதான். குச்சியும் கம்பியும் ஏற்கெனவே கையில் இருக்கின்றன. மூன்று மாதத்தில் பணம் தரக்கூடிய வேறு பயிர் இல்லை. மண்டியும் மறுபடி முன்பணம் தர ஆயத்தமாக இருக்கிறது. பொறியாளர் தம்பி சொன்ன சமன்செய்யும் பின்னூட்டத்தில் விலை விழுந்தால் நடவு குறைய வேண்டும். என் கணக்கில் விலை விழுந்தால் நடவு தொடர்கிறது. அவர் சொன்ன சுழலுக்குள்ளேயே எதிர்த்திசையில் ஓடும் இன்னொரு சுழல் இது.

தண்ணீரிலும் இப்படித்தான். சிறு, குறு விவசாயிக்குச் சொட்டுநீருக்கு முழு மானியம் கிடைக்கிறது. அதனால் ஒரு ஏக்கருக்குத் தேவைப்படும் நீர் குறைந்தது உண்மை. மிச்சமான நீர் நிலத்துக்கடியில் தங்கவில்லை. அதை வைத்து இன்னொரு ஏக்கர் போட்டோம். ஆழ்துளைக் கிணற்று நீர்மட்டம் முன்போலவே இறங்கியது. மின்சாரத்துக்குக் கட்டணம் இல்லை என்பதால் மோட்டார் ஓடும் நேரத்தை நாங்கள் யாரும் கணக்குப் பார்ப்பதில்லை. இலவச மின்சாரத்தை நிறுத்தச் சொல்லவில்லை. அது போனால் எங்களில் பலர் விவசாயத்தை விட்டே போக வேண்டியதுதான். மானியம் தருகிறவர்கள், அதைப் பெற்றவர் அடுத்து என்ன செய்வார் என்பதையும் சேர்த்துத் திட்டமிட வேண்டும் என்றுதான் சொல்கிறேன்.

அரூர் பொருளியல் ஆசிரியர்

அண்ணா, தாங்கள் சொன்ன சொட்டுநீர் நிகழ்வு வெகு பழையது. திறன் கூடிய எஞ்சின்கள் வந்த பிறகு நிலக்கரிச் செலவு கூடியதேயன்றிக் குறையவில்லை என்று வில்லியம் ஸ்டான்லி ஜெவன்ஸ் 1865இலேயே எழுதினார். முன்பணச் சுழலைப் பற்றித் தாங்கள் எழுதியதை நான் எண்ணிப் பார்க்கவே இல்லை. வெறும் சிலந்திவலை மாதிரியில் கடனுக்கு இடமில்லை. கடனைச் சேர்க்காமல் நம் மாவட்டத்தை விளக்க முடியாது.

கிருஷ்ணகிரி காய்கறி வணிகம்

மண்டிக்காரர் மீது எல்லாப் பழியும் விழும் முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். முன்பணம் தருகிற நாங்களும் அதே விலைச் சரிவில் பணத்தைத் தொலைக்கிறோம்.

அடிப்படை விலை வேண்டும் என்ற கோரிக்கை அடிக்கடி எழுகிறது. கேரள அரசு 2020 நவம்பர் முதல் 16 வகை விளைபொருள்களுக்கு அடிப்படை விலை அறிவித்தது. தக்காளிக்குக் கிலோ 8 ரூபாய். விலையைக் காட்டிலும் அதன் நிபந்தனைகளைத்தான் கவனிக்கிறேன். உழவர் தம் பயிரையும் பரப்பையும் முன்கூட்டியே பதிவு செய்ய வேண்டும். பரப்புக்கு மேல்வரம்பும் உண்டு. பதிவும் வரம்பும் இல்லாமல் விலையை மட்டும் உறுதி செய்தால், இறக்கத்தின் அச்சம் நீங்கி நடவு இன்னும் பெருகும். அரசு வாங்கி முடியாது.

மாங்கூழ் ஆலைகள் பருவம் முடிந்ததும் சும்மாதானே கிடக்கின்றன, அங்கே தக்காளியைக் கூழாக்கலாமே என்றும் கேட்கிறார்கள். சந்தைக்கு வரும் ஹைபிரிட் காயில் கெட்டிப்பொருள் நூற்றுக்கு 4 அல்லது 5 பங்குதான்; மீதி நீர். அதை அடர்கூழாக்க ஒரு கிலோவுக்கு ஆறு கிலோ காய் வேண்டும், எரிபொருளும் அதிகம். மலிவாகக் கிடைக்கும் சில வாரங்களுக்காக எந்த ஆலையும் இயந்திரத்தை மாற்றி அமைக்காது. குளிர்பதனக் கிடங்கும் உருளைக்கிழங்குக்குப் பயன்படுவதுபோல் பழுத்த தக்காளிக்குப் பயன்படாது. சில நாள்களைத்தான் வாங்கிக் கொடுக்கும்.

காவேரிப்பட்டணம் பூச்சியியல் மாணவி

விலையும் கடனும் நீரும் பேசப்பட்டுவிட்டன. பூச்சியும் இந்த அமைப்பில் ஓர் உறுப்பினர் என்பதை நினைவூட்ட விரும்புகிறேன். விலை விழுந்ததும் பல தோட்டங்கள் பறிக்கப்படாமல் கைவிடப்படுகின்றன. செலவு செய்ய மனமில்லாததால் செடியைப் பிடுங்கி அழிப்பதுமில்லை. இலைச்சுருள் வைரஸைச் சுமந்து செல்லும் வெள்ளை ஈக்கும், 2014இல் மகாராட்டிரத்தில் முதன்முதலாகக் கண்டறியப்பட்டுத் தென்னிந்தியா முழுவதும் பரவிய ஊசிப்புழுவுக்கும் அத்தோட்டங்கள் நாற்றங்கால் போல அமைந்துவிடுகின்றன. அங்கே பெருகியவை பக்கத்து வயலின் இளஞ்செடிக்குப் போகின்றன. அடுத்த பருவத்தில் நட்டவர்கள் நோயால் இழந்து, காய் குறைந்து, விலை ஏறுகிறது. ஆக, இந்தப் பருவத்தின் மிகை அடுத்த பருவத்தின் பற்றாக்குறையை இரண்டு வழிகளில் உண்டாக்குகிறது: ஒன்று உழவரின் தயக்கம், மற்றொன்று பூச்சியின் பெருக்கம். இரண்டாவது வழி எந்த விலைத் தரவிலும் தெரியாது.

கைவிட்ட செடியை உடனே அழிக்க ஒரு சிறு உதவித்தொகை கொடுப்பது, விலைச் சரிவுக்குப் பின் தரும் நிவாரணத்தைவிடப் பயன் மிகுந்ததாக இருக்கும் என்று உறுதியாக நம்புகிறேன். நோய் தாக்கிய பின் மருந்தைக் கூட்டித் தெளிப்பது இயற்கை எதிரிகளையும் கொன்று, எதிர்ப்புத்திறன் கொண்ட வெள்ளை ஈக்களை மட்டும் விட்டுவைக்கும்.

பென்னாகரம் பட்டு வளர்ப்பு

நானும் முன்பு தக்காளி போட்டவன், இப்போது மல்பெரி. பட்டுக்கூட்டு விலையும் ஏறி இறங்கத்தான் செய்கிறது. ஆனால் தக்காளிபோல் எங்களைத் தூக்கிப் போடுவதில்லை. முட்டை பொரித்ததிலிருந்து கூடு கட்டும் வரை ஏறத்தாழ ஒரு மாதம்தான். விலை சரியில்லை என்றால் ஒரு தடவை புழு வளர்ப்பை விட்டுவிடலாம். மல்பெரித் தோட்டம் அப்படியே இருக்கும், தழையை மாட்டுக்குப் போடலாம். முட்டைத் தொகுதிகளும் இளம்புழு வளர்ப்பு மையங்களின் வழியாகக் கணக்கோடு வருகின்றன. யாருக்கு எத்தனை தொகுதி போயிற்று என்பது பதிவில் இருப்பதால், தருமபுரி அங்காடிக்கு எப்போது எவ்வளவு கூடு வரும் என்பது முன்பே ஓரளவு தெரிந்துவிடும்.

ஓசூர் கட்டுப்பாட்டுப் பொறியாளர்

பட்டு வளர்ப்பாளர் ஐயா எழுதியதைப் படித்ததும் நம் இரு மாவட்டங்களிலும் மூன்று வகைத் தாமதங்கள் அருகருகே இருப்பதை உணர்ந்தேன். பட்டில் ஒரு மாதம். தக்காளியில் நாற்றையும் சேர்த்து மூன்று மாதம். மாமரத்திலோ ஆண்டுக்கணக்கு, பெங்களூரா என்ற மா ரகத்தின் ஒட்டு நட்டால் நல்ல காய்ப்புக்கு நான்கைந்து ஆண்டு, அதன்பின் சந்தை எப்படி இருந்தாலும் மரம் பல பத்தாண்டுகள் காய்த்துக்கொண்டே இருக்கும். 2025 கோடையில் பெங்களூரா விலை சரிந்தபோது, வெளிமாநிலக் காய் உள்ளே வரக் கூடாது என்று பக்கத்துச் சித்தூர் மாவட்ட நிர்வாகம் தடை விதித்தது. மாமரத்தில் அன்றைக்கு எடுக்கக்கூடிய எந்த முடிவும் மரங்களின் எண்ணிக்கையை மாற்றாது. எல்லையை அடைப்பது ஒன்றுதான் கைக்கு எட்டியது. தக்காளி இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. தடுக்கவும் முடியும், ஆனால் நாற்று கூடாரத்தில் இருக்கும் அந்த 25 நாளுக்குள் தடுக்க வேண்டும். நட்டு, குச்சி ஊன்றி, கம்பி கட்டிய பிறகு அண்ணன் சொன்ன கடன் சுழல் பிடித்துக்கொள்ளும்.

எனவே எனக்குத் தோன்றுவது இது: நாற்றுப்பண்ணைகளில் விதைத்திருக்கும் நாற்றின் மொத்த எண்ணிக்கையை வாரந்தோறும் எல்லோரும் பார்க்கும்படி வெளியிட வேண்டும். விலைக் கணிப்பு வேண்டாம், அறிவுரை வேண்டாம். இது நடக்கக்கூடியதா என்ற ஐயத்துக்குப் பக்கத்து மாநிலமே விடை. அன்றைய ஆந்திரத்தின் வறட்சி மாவட்டங்கள் ஏழில், சித்தூர் உட்பட, 2000களில் உழவர்களே மழையளவையும் கிணற்று நீர்மட்டத்தையும் அளந்து, கையிருப்பு நீர் எவ்வளவு, திட்டமிட்ட பயிர்களுக்குத் தேவை எவ்வளவு என்று ஊர் கூடிக் கணக்கிட்டார்கள். எந்தப் பயிரும் தடை செய்யப்படவில்லை. கணக்கைப் பார்த்த பலர் தாமாகவே நீர் அதிகம் குடிக்கும் பயிரைக் குறைத்துக்கொண்டார்கள்.

பாப்பாரப்பட்டி விவசாயி

தம்பி, கர்நாடகத்தின் கோலாரிலும் ஆந்திரத்தின் மதனப்பள்ளியிலும் நடுகிற தக்காளி இந்தக் கணக்கில் வராதே? அங்கே காய் பெருகினால் இங்கே நாற்று குறைந்திருந்தும் விலை விழும். இன்னொன்று, எண்ணிக்கை குறைவு என்று வெளியானால் மறுநாளே எல்லோரும் நாற்றுக்குப் போவோமே? ஆசிரியர் சொன்ன மதுக்கூடக் கதைதான் மறுபடியும்.

மாரண்டஅள்ளி வாசகர்

இரண்டும் சரியான கேள்விகள். இரண்டாவதிலிருந்து தொடங்குகிறேன். விலையைப் பார்த்து ஓடினால் நம்முடைய ஓட்டத்தின் விளைவு மூன்று மாதம் கழித்துத்தான் தெரிகிறது. நாற்றுக் கணக்கைப் பார்த்து ஓடினால், அடுத்த வாரக் கணக்கிலேயே நம்முடைய ஓட்டம் எண்ணாக வந்து நிற்கும். பின்னால் வருபவர் அதைப் பார்த்து நின்றுகொள்ளலாம். தாமதம் மூன்று மாதத்திலிருந்து ஒரு வாரமாகிறது. ஊசலாட்டம் முற்றாக மறையும் என்று நான் கூறவில்லை. அதன் வீச்சு குறையும் என்பதற்கு மாக்ஸ்வெல் காலத்துக் கணிதமே போதும். இருமுறை முன்பதிவு செய்வதும் குறையக்கூடும். நாற்று தாராளமாக இருக்கிறது என்று எண்ணே சொல்லும்போது அச்சத்துக்கு இடமில்லை.

கோலார், மதனப்பள்ளி பற்றிய கேள்விக்கு முழு விடை என்னிடம் இல்லை. அமைப்பின் எல்லையை நாம் மாவட்ட எல்லையில் வரைந்துகொண்டாலும் லாரிகள் அந்தக் கோட்டை அறியாது. ஆனால் இராயக்கோட்டை, ஓசூர்ப் பகுதிப் பண்ணைகளிலிருந்து கர்நாடக எல்லை ஊர்களுக்கும் நாற்று போகிறது என்பதால், அந்த எண்ணிக்கையைத் தனியாகக் காட்டினாலே வெளியிலிருந்து வரப்போகும் அழுத்தத்தின் ஒரு பகுதி தெரிந்துவிடும். முன்பணக் கடனை இந்தக் கணக்கு தீர்க்காது. அதற்குக் கூட்டுறவுச் சங்கத்தின் பயிர்க்கடன் தக்காளிக்குப் போதிய அளவிலும் நேரத்திலும் கிடைக்க வேண்டும். அது தனியே போராட வேண்டிய விஷயம்.

அம்மா, தங்கள் பண்ணைக் குறிப்பேட்டிலிருந்து வாடிக்கையாளர் பெயர் வெளியாகாமல் எண்ணிக்கையை மட்டும் தர இயலுமா?

இராயக்கோட்டை நாற்றுப்பண்ணை

பெயரும் தொலைபேசி எண்ணும் வெளியே போகாது என்றால் தரலாம். பண்ணைவாரியாகவும் காட்டக் கூடாது. ஐந்தாறு பண்ணைகளின் கூட்டுத்தொகையாகத்தான் வர வேண்டும். இல்லையென்றால் யாரிடம் விற்பனை குறைந்திருக்கிறது என்று பேரம் பேச வருவார்கள். யாராவது ஒருவர் எண்ணைக் கூட்டியோ குறைத்தோ சொன்னால் மொத்தமும் கெட்டுவிடும் என்பதால், வாங்கிய விதைப் பாக்கெட்டுகளின் ரசீதோடு ஒப்பிட்டுப் பார்க்கும் உரிமையை எங்களுக்குள் ஒருவருக்குத் தர வேண்டும்.

ரகத்தின் பெயர் தேவையில்லை என்று நினைக்கிறேன். விதைத்த வாரம், நாற்று போகிற ஒன்றியம், நாற்றின் எண்ணிக்கை, முன்பணம் கொடுத்தும் எடுக்காமல் விட்டவை ஆகிய நான்கும் போதும். நான்காவதை விட்டுவிடாதீர்கள், விலை திரும்பப்போவதை எங்களுக்கு முதலில் காட்டுவது அதுதான். பூச்சியியல் படிக்கும் பெண் கேட்டதற்காக ஐந்தாவதாக ஒன்றையும் சேர்க்கலாம்: நாற்று வாங்க வருபவரிடம் பழைய தக்காளிச் செடி வயலில் நிற்கிறதா, பிடுங்கியாயிற்றா என்று நாங்களே கேட்டுக் குறித்துக்கொள்கிறோம்.

பக்கத்துப் பண்ணைக்காரர்கள் மூவரிடம் இந்த வாரம் பேசுகிறேன். அவர்கள் ஒப்புக்கொண்டால் ஆடிப்பட்ட விதைப்பிலிருந்து தொடங்கலாம். கூட்டுத்தொகையை எழுதி ஒட்ட மண்டி வாசலில் ஒரு பலகைக்கு இடம் கிடைக்குமா என்பதைக் கிருஷ்ணகிரி வணிகர்தான் விசாரித்துச் சொல்ல வேண்டும்.

கிருஷ்ணகிரி காய்கறி வணிகம்

இராயக்கோட்டையில் என் உறவினர் மண்டி நடத்துகிறார், அங்கே பலகை வைக்கலாம். பாலக்கோட்டுக்கு ஒப்புதல் கேட்டுவிட்டு எழுதுகிறேன். எண்கள் ஒவ்வொரு ஞாயிறு மாலையும் கைக்கு வந்தால், திங்கள் காலை ஏலத்துக்கு முன் ஒட்டிவிடுகிறோம்.